'தி லஞ்ச்பாக்ஸ்': உணவகத்தில் காத்திருந்த இலாவிடம் சாஜன் ஏன் பேசவில்லை?

நந்தியாவட்டை எழுதிய கேள்வி:

ரித்தேஷ் பத்ரா எழுதி இயக்கிய முதல் முழுநீளப் படமான 'தி லஞ்ச்பாக்ஸ்' 2013ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் இந்தியத் திரையரங்குகளில் வெளியானது. அந்தப் படத்தின் ஒரு காட்சியைப் பற்றி இங்குள்ளவர்களின் கருத்தைக் கேட்க வேண்டும் என்று நெடுநாளாக எண்ணியிருந்தேன். படத்தின் முடிவைத் தொடாமல் என் கேள்வியைக் கேட்க இயலாது என்பதால், இன்னும் பார்க்காதவர்கள் பார்த்துவிட்டு வருவது நல்லது.

கணவனின் மனத்தை மீட்டுவிட வேண்டும் என்ற ஏக்கத்தோடு இலா பார்த்துப் பார்த்துச் சமைத்து, வீட்டுச் சாப்பாட்டை அலுவலகங்களுக்குக் கொண்டுசேர்க்கும் மும்பை டப்பாக்காரர்கள் மூலம் அனுப்பும் சாப்பாட்டு டப்பா, வழி மாறி, காப்பீட்டு இழப்பீட்டுக் கணக்குகளைப் பார்க்கும் சாஜன் பெர்னாண்டஸின் மேசைக்குப் போய்ச் சேருகிறது. வழித்துத் துடைத்ததுபோல் திரும்பி வந்த டப்பாவைக் கண்டு மகிழ்ந்தவள், மாலையில் கணவன் தான் சமைக்காத காலிஃபிளவரைப் பற்றிப் பேசும்போது உண்மையை உணர்கிறாள். மறுநாள் டப்பாவுக்குள் ஒரு கடிதம் வைக்கிறாள். அதற்குச் சாஜன் எழுதும் முதல் பதிலில் நன்றி இல்லை, வாழ்த்தும் இல்லை. அன்றைய சாப்பாட்டில் உப்பு அதிகம் என்று மட்டும் இருக்கிறது. அந்த வறண்ட ஒற்றை வரியிலிருந்து தொடங்கி, மனைவியின் மரணம், தந்தையின் நோய், கணவனின் சட்டையில் வீசும் வேறொரு பெண்ணின் வாசனைத் திரவியம் என்று யாரிடமும் சொல்ல முடியாதவற்றையெல்லாம் இருவரும் எழுதிக்கொள்ளும் நிலை வரை கதை வளர்கிறது. ஒருவர் முகத்தை மற்றவர் பார்க்காமல், குரலைக் கேட்காமல், தொலைபேசி எண்ணைக்கூடப் பரிமாறிக்கொள்ளாமல் வளரும் இந்தக் காதலை, மணமான ஒரு பெண்ணுக்கும் ஓய்வுபெறப் போகும், மனைவியை இழந்த ஓர் ஆணுக்கும் இடையிலானது என்ற காரணத்தால் மட்டும் மரபு மீறியது என்று சொல்வது போதாது என்று நினைக்கிறேன். பார்ப்பதில் தொடங்குவதே காதல் என்ற நம் திரைப்படங்களின் அடிப்படையையே இது விலக்கி வைத்துவிடுகிறது.

இப்போது என் கேள்வி. சந்திக்கலாம் என்று முதலில் எழுதுபவள் இலா. இடமும் நேரமும் முடிவாகின்றன. அவள் உணவகத்தில் வந்து அமர்ந்து வெகுநேரம் காத்திருக்கிறாள். சாஜனும் வருகிறார், அவளைப் பார்க்கிறார், பேசாமல் போய்விடுகிறார். இதை நான் முதலில் பார்த்தபோது அவருடைய பெருந்தன்மை என்று எண்ணினேன். மறுபடி பார்த்தபோது, அங்கே தனியாக உட்கார்ந்திருந்த பெண்ணின் நிலையை எண்ணி மனம் கனத்தது. இது காதலில் விளைந்த விட்டுக்கொடுத்தலா, அல்லது அச்சமா? இறுதியில் அவளைத் தேடிப் புறப்படும் சாஜன் அவளைக் கண்டடைகிறார் என்று நீங்கள் நம்புகிறீர்களா, அப்படியானால் எதை வைத்து நம்புகிறீர்கள்?

பழுப்புக் காகிதம் எழுதிய பதில்:

நந்தியாவட்டை அவர்களுக்கு வணக்கம். அந்த உணவகக் காட்சியைத் தனியே எடுத்துப் பார்த்தால் சாஜன் ஓடிப்போனவராகத்தான் தெரிவார். அதற்கு முந்தைய இரண்டு நிகழ்வுகளைச் சேர்த்துப் பார்க்க வேண்டும் என்பது என் எண்ணம்.

சந்திப்புக்குப் புறப்படும் நாளின் காலையில் அவர் குளியலறையில் முகம் மழிக்கிறார். எதையோ மறந்து மீண்டும் உள்ளே நுழையும்போது, தம் தாத்தா குளித்துவிட்டுப் போன பிறகு வீட்டில் இருக்கும் அதே வாசம் அங்கே வீசுவதாக உணர்கிறார். தாத்தா இல்லை, அந்த வாசம் தம்முடையதுதான் என்பது அவருக்கு உறைக்கிறது. பிறகு ரயிலில் ஓர் இளைஞன் எழுந்து பெரியவரே என்ற மரியாதையுடன் தன் இருக்கையைத் தருகிறான். கருணையோடு செய்யப்படும் அந்தச் செயல், தாம் எப்போது முதியவர் ஆனோம் என்று தெரியாமலே முதியவர் ஆகிவிட்ட ஒருவருக்குத் தீர்ப்பு வாசித்தது போல் ஆகிவிடுகிறது. படம் வெளியானபோது சாஜனாக நடித்த இர்ஃபான் கானுக்கு 46 வயதுதான். ஒப்பனையை நம்பாமல், தோளைச் சற்றே தொங்கவிட்டும், ஒவ்வொரு சொல்லுக்கும் முன் சிறிது தயங்கியும், டப்பாவைத் திறப்பதற்கு முன் முகர்ந்தும் அந்த முதுமையை அவர் கொண்டுவந்தார். 2020 ஏப்ரலில் அவர் மறைந்தபோது பலரும் முதலில் நினைவுகூர்ந்த வேடங்களில் இதுவும் ஒன்று.

ஆனால் எனக்கு இதைவிட முக்கியமாகத் தோன்றுவது மனைவியைப் பற்றி அவர் எழுதும் கடிதம். அவர் மனைவி விரும்பிப் பார்த்த பழைய தொலைக்காட்சித் தொடரின் ஒளிநாடாக்களைத் தேடி எடுத்து இரவு முழுவதும் பார்க்கிறார். தாம் வெளியே மிதிவண்டியைப் பழுதுபார்த்துக்கொண்டோ புகைபிடித்துக்கொண்டோ நின்றபோது, சன்னல் வழியாகத் திரும்பிப் பார்த்தால் தொலைக்காட்சித் திரையில் மனைவியின் முகம் சிரிப்போடு பிரதிபலித்ததையும், ஒரு கணம் மட்டுமே பார்த்துவிட்டுத் திரும்பிவிட்டதையும், இன்னும் கொஞ்சம் பார்த்துக்கொண்டே நின்றிருக்கலாமே என்பதையும் எழுதுகிறார். பார்க்கக் கிடைத்த காலத்தில் பார்க்காமல் விட்ட மனிதர் அவர். அவரை உணவகத்தில் ஓரமாக நிறுத்தி, தன்னை அறியாத ஒரு பெண்ணை நெடுநேரம் பார்க்க வைக்கிறார் இயக்குநர். அவள் கைப்பையைத் திரும்பத் திரும்பத் தொடுவதையும், தண்ணீரை எடுத்து எடுத்துக் குடிப்பதையும்கூட அவர் பின்னால் எழுதும் கடிதத்தில் குறிப்பிடுகிறார். முன்பு ஒருமுறை செய்யத் தவறியதை அவர் இங்கே செய்கிறார். பேசுவதற்கு முன் பார்த்ததே அவருக்கு நிறைந்துவிட்டது; அந்த நிறைவோடு அச்சமும் கலந்திருந்தது என்பதை நான் மறுக்கவில்லை.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மனைவியின் கல்லறைக்கு அருகில் தமக்கும் இடம் வாங்கப் போன சாஜனுக்குக் கிடைமட்டமான இடம் தீர்ந்துவிட்டது, செங்குத்தாக நிற்கும் இடம்தான் இருக்கிறது என்று சொல்லப்படுகிறது. வாழ்நாள் முழுவதும் ரயிலிலும் பேருந்திலும் நின்றே பயணம் செய்தவர், இறந்த பிறகும் நிற்க வேண்டுமா என்று இலாவுக்கு எழுதுகிறார். தம் அடக்கத்துக்கு இடம் பார்த்துக்கொண்டிருக்கும் ஒருவரிடம் பூட்டானுக்குப் போய் வாழலாம் என்ற பேச்சு வருகிறது. அந்தத் தூரத்தை ஒரே பிற்பகலில் கடந்துவிட அவரால் இயலவில்லை.

செங்காந்தள் எழுதிய பதில்:

பழுப்புக் காகிதம் அவர்கள் சாஜனின் மனத்தை மிக அழகாகப் படித்திருக்கிறார். இருந்தாலும் என் நெஞ்சு இலாவின் பக்கமே நிற்கிறது.

சாஜன் செய்தது என்னவென்று நேராகப் பார்ப்போம். நேற்றைய லாட்டரிச் சீட்டை எவரும் வாங்குவதில்லை என்று அவர் எழுதுகிறார். தம்மை மதிப்பிழந்தவராகத் தாமே முடிவுசெய்து, அந்த முடிவை அவளுடைய முடிவாகவும் ஆக்கிவிடுகிறார். நீ இளமையானவள், உனக்கு நான் பொருந்தமாட்டேன் என்று சொல்லும் உரிமையை அவருக்கு யார் கொடுத்தது? வீட்டில் கணவன் அவளிடம் எதையும் கேட்பதில்லை. அவள் முகத்தை ஏறிட்டுப் பார்ப்பதுமில்லை. அவளை முழுமையாகக் கேட்ட ஒரே மனிதர், அவள் வாழ்க்கையில் மிக முக்கியமான ஒரு முடிவை அவளைக் கேட்காமலே எடுத்துவிடுகிறார். அன்பு மிகுந்த இடத்திலும் இது நடக்கும் என்பதைத்தான் படம் காட்டுகிறது என்று நினைக்கிறேன். இயக்குநர் சாஜனைக் காப்பாற்ற முனையவில்லை. மறுநாள் இலா வெறும் டப்பாவை அனுப்பிவைக்கிறாள். அடுக்குகளைத் திறந்து திறந்து பார்க்கிறார். எதிலும் எதுவும் இல்லை. பல மாதங்களாக உணவாலும் எழுத்தாலும் பேசியவள், இரண்டையும் நிறுத்திக்கொண்டு கொடுக்கும் பதில் அது. படத்திலேயே மிகக் கடுமையான வாக்கியம் அந்த வெற்று டப்பாதான்.

இந்தப் படத்தை ஒரு காதல் கதையாக மட்டும் எடுத்துக்கொண்டால் அதன் பாதி கைநழுவிவிடும். இலாவைச் சுற்றி இரண்டு பெண்களை வைத்திருக்கிறார் பத்ரா. மாடியில் இருக்கும் தேஷ்பாண்டே அத்தையை நாம் ஒருமுறைகூடப் பார்ப்பதில்லை. பாரதி அச்ரேகரின் குரலும், சன்னல் வழியே கயிற்றில் இறங்கும் கூடையும் மட்டுமே அவர். எந்த மசாலாவைச் சேர்க்க வேண்டும், கடிதத்துக்கு எப்படிப் பதில் சொல்ல வேண்டும் என்று சொல்லித்தரும் அந்த அத்தையின் கணவர் பதினைந்து ஆண்டுகளாக நினைவின்றிக் கிடக்கிறார். கண் விழித்திருக்கும் நேரமெல்லாம் தலைக்கு மேல் சுழலும் மின்விசிறியையே பார்த்துக்கொண்டிருக்கிறார். அது நின்றால் அவர் உயிரும் நின்றுவிடும் என்று நம்பி, ஓடும் விசிறியையே துடைக்கிறார் அந்த அம்மா. இன்னொரு பெண் இலாவின் தாய். நுரையீரல் புற்றுநோயில் கிடக்கும் கணவரைப் பல காலம் பார்த்துக்கொண்டவர். கணவர் இறந்த அன்று, இவர் இறந்துவிட்டால் என்ன செய்வேன் என்று இத்தனை நாள் அஞ்சினேன், இப்போது எனக்குப் பசிக்கிறது, பராத்தா சாப்பிட வேண்டும் போலிருக்கிறது என்று மகளிடம் சொல்கிறார். தமக்குக் கணவர்மீது ஆண்டுக்கணக்கில் அருவருப்பே இருந்தது என்பதையும் மறைக்காமல் சொல்கிறார். லில்லெட் தூபே அந்தச் சில நிமிடங்களில் அழுகையும் விடுதலையும் பிரித்தறிய முடியாதபடி நடித்திருக்கிறார். பிணம் கிடக்கும் வீட்டில் பசிக்கிறது என்று ஒரு மனைவி சொல்வதை நம் படங்களில் நான் வேறெங்கும் கேட்டதில்லை.

அந்த இரு பெண்களும் இலாவுக்கு முன்னால் விரிந்து கிடக்கும் வழிகள். அப்படியே இருந்துவிட்டால் இன்னும் இருபது ஆண்டுகளில் தான் எங்கே நிற்பாள் என்பதை அவள் தன் கண்ணால் பார்க்கிறாள். ஒரு பெண் தன் மகளுடன் மாடியிலிருந்து குதித்துவிட்ட செய்தியும் படத்தில் வருகிறது. இலாவாக இருக்குமோ என்று சாஜன் நடுங்குகிறார். இலாவும் நகைகளைக் கழற்றி வைத்துவிட்டு அந்த எண்ணத்தின் விளிம்பு வரை போய்த் திரும்பியவள்தான். குதிப்பதற்கு எவ்வளவு துணிவு வேண்டியிருக்கும் என்று எழுதுகிறாள். பிறகு அதே நகைகளை விற்றுவிட்டு, மகளை அழைத்துக்கொண்டு பூட்டானுக்குப் போக முடிவெடுக்கிறாள். மகள் பள்ளியில் கேட்டுவந்து சொன்ன நாடு அது. மக்களின் மகிழ்ச்சியை அளவாக வைத்திருக்கும் நாடு.

கவனியுங்கள்: உணவகத்தில் ஏமாற்றமடைந்த பிறகும் அவள் முடங்கிவிடவில்லை. டப்பாக்காரரிடம் வழி கேட்டு சாஜனின் அலுவலகத்துக்கே நேரில் போகிறாள். அங்கே அவர் இருக்கையில், அவர் இடத்துக்கு வந்த அஸ்லம் ஷேக் இருக்கிறார். சாஜன் நாசிக் போய்விட்டார் என்று தெரிகிறது. சாஜனால் நடக்க முடியாமல் போன அந்தச் சில அடிகளை, ஊரைக் கடந்து வந்து அவள் நடந்துவிட்டாள். ஆகவே நந்தியாவட்டை அவர்களின் இரண்டாவது கேள்விக்கு என் பதில்: அவர் அவளைக் கண்டடைந்தாலும் அடையாவிட்டாலும் இலா வீட்டை விட்டுப் புறப்பட்டுவிட்டாள். அவள் போவது அவருக்காக மட்டும் அன்று.

நந்தியாவட்டை மீண்டும் எழுதியது:

இருவருக்கும் மனமார்ந்த நன்றி. செங்காந்தள் அம்மா சொன்ன வெற்று டப்பாவைப் பற்றிய பார்வை எனக்குப் புதியது. இருந்தாலும் முடிவைப் பற்றிய ஆசை என்னை விடவில்லை. இறுதியில் சாஜன் டப்பாக்காரர்களோடு ரயிலில் உட்கார்ந்திருக்கிறார், இலா வீட்டில் மகள் பள்ளியிலிருந்து வருவதற்காகக் காத்திருக்கிறாள், படம் நின்றுவிடுகிறது. மும்பையை அறிந்தவர்கள் யாரேனும் இதைப் பற்றிச் சொல்ல முடியுமா? அப்படி ஒருவர் ஒரு டப்பாவைப் பின்தொடர்ந்து ஒரு வீட்டைக் கண்டுபிடிப்பது நடக்கக்கூடிய காரியமா? தவறிய டப்பா ஒருநாள் தவறலாம், ஆனால் அத்தனை நாளும் அதே ஆளிடம் போய்க்கொண்டிருப்பது எப்படி என்ற ஐயமும் எனக்கு உண்டு.

கிங்ஸ் சர்க்கிள் எழுதிய பதில்:

மாதுங்காவில் நெடுங்காலம் குடியிருந்தவன் என்ற முறையில் எழுதுகிறேன். இலா காத்திருக்கும் உணவகக் காட்சி எங்கள் கிங்ஸ் சர்க்கிளில் உள்ள 'கூலர் அண்ட் கோ' என்ற பழைய இரானி உணவகத்தில் எடுக்கப்பட்டது. தமிழர்கள் பல தலைமுறைகளாக வாழும் பகுதி அது. அந்த உணவகத்தில் ஒரு தேநீரும் வெண்ணெய் தடவிய பன்னும் வாங்கிக்கொண்டு நெடுநேரம் உட்கார்ந்திருக்கலாம். எழுந்துபோ என்று யாரும் சொல்லமாட்டார்கள். ஒருத்தி மணிக்கணக்கில் தனியாகக் காத்திருப்பதையும், தள்ளியிருந்து ஒருவர் கவனிக்கப்படாமல் அவளைப் பார்ப்பதையும் நம்பும்படி வைக்க மும்பையில் இதைவிடப் பொருத்தமான இடம் கிடைப்பது கடினம்.

இப்போது உங்கள் ஐயத்துக்கு வருகிறேன். டப்பா சேவை 1890ஆம் ஆண்டு மகாதேவ் ஹவாஜி பச்சே தொடங்கியது. படம் வெளியான காலத்தில் ஏறத்தாழ 5,000 பேர் நாளொன்றுக்கு ஏறக்குறைய 2 லட்சம் டப்பாக்களைச் சுமந்தார்கள் என்பது பரவலாகச் சொல்லப்படும் கணக்கு. காலையில் வீட்டு வாசலில் டப்பாவை வாங்குபவர் மிதிவண்டியில் அருகிலுள்ள ரயில் நிலையத்துக்குக் கொண்டுபோவார். அங்கே போகுமிடம் வாரியாகப் பிரிப்பார்கள். ரயிலில் ஏற்றி, தெற்கு மும்பை நிலையங்களில் இறக்கி, மறுபடி பிரித்து, தள்ளுவண்டியிலும் தலைச்சுமையாகவும் கட்டடம் கட்டடமாகக் கொண்டுசேர்ப்பார்கள். முகவரி என்று எதுவும் எழுதப்பட்டிருக்காது. மூடியின்மேல் வண்ணத்திலும் எண்ணிலும் எழுத்திலும் ஒரு குறி இருக்கும். எந்தப் பகுதியிலிருந்து வந்தது, எந்த நிலையத்தில் இறங்க வேண்டும், எந்தக் கட்டடம், எத்தனையாவது மாடி என்பதெல்லாம் அந்தச் சிறு குறிக்குள் அடங்கிவிடும்.

பல கைகள் மாறும் இந்த ஏற்பாட்டில் வழியில் கைதவறிப் போகும் டப்பா அபூர்வம். போனாலும் மறுநாள் சரியாகிவிடும். ஆனால் குறியே இடம் மாறிவிட்டிருந்தால்? அப்போது அந்த ஏற்பாட்டின் துல்லியமே தவறை நாள்தோறும் பிசகாமல் நிறைவேற்றும். இலாவின் டப்பா தினமும் சாஜனிடமே போகிறது, தினமும் இலாவிடமே திரும்பி வருகிறது என்பதை நான் இப்படித்தான் புரிந்துகொள்கிறேன். தவறு நீடிக்க மனிதர்களும் உடந்தையாக இருக்கிறார்கள். சாஜனுக்காக ஓர் உணவகத்திலிருந்து வரும் டப்பா இலாவின் கணவனிடம் போகிறது. மனைவியின் கைச்சமையல் எது, கடைச்சமையல் எது என்று அவனுக்கு வேறுபாடு தெரியவில்லை. சாஜனோ முதல் நாள் மாலை அந்த உணவகத்துக்கே போய்ச் சாப்பாடு நன்றாக இருந்தது என்று பாராட்டிவிட்டு வருகிறார். இலா டப்பாக்காரரிடம் தவறைச் சொல்லும்போது அவர் அசைந்துகொடுப்பதில்லை. ஹார்வர்டிலிருந்து வந்து ஆராய்ந்தவர்களே நாங்கள் தவறு செய்வதில்லை என்று சொல்லிவிட்டார்கள், இங்கிலாந்து அரசரே வந்து பார்த்தார் என்கிறார். ஹார்வர்ட் வணிகப் பள்ளி இவர்களைப் பற்றி ஆய்வு வெளியிட்டது உண்மை. 2003இல் அன்றைய இளவரசர் சார்லஸ் இவர்களைச் சந்தித்ததும் உண்மை. பத்ரா முதலில் டப்பாக்காரர்களைப் பற்றி ஓர் ஆவணப்படம் எடுக்கத்தான் அவர்களோடு பழகினார் என்பதால், இந்தப் பகுதிகள் உள்ளிருந்து எழுதப்பட்டவைபோல் இருக்கின்றன.

இனி முடிவு. டப்பாக்காரர்களில் பெரும்பாலோர் புனே மாவட்டத்து மலையோர ஊர்களிலிருந்து வந்தவர்கள். பண்டரிபுரம் விட்டலனை வணங்கும் வார்க்கரி மரபினர். வெள்ளைத் தொப்பியும் துளசி மாலையும் அணிந்து, ரயிலில் கைத்தாளம் தட்டி, மராத்திய அருளாளர்களான ஞானோபாவையும் துக்காராமையும் பாடிக்கொண்டு போவது படத்துக்காகச் செய்தது அன்று. சரக்குப் பெட்டியில் அப்படித்தான் போவார்கள். அவர்கள் வேலையில் காலைப் பயணத்துக்கு நிகராக மாலைப் பயணமும் உண்டு என்பதை வெளியூர்க்காரர்கள் மறந்துவிடுகிறார்கள். சாப்பாட்டு நேரம் முடிந்ததும் அதே டப்பாக்களைத் திரட்டி, அதே நிலையங்களில் மறுபடி பிரித்து, காலையில் எந்த வாசலில் வாங்கினார்களோ அந்த வாசலில் பிற்பகலில் கொண்டுபோய்க் கொடுப்பார்கள். எனவே ஒரு டப்பாவைப் பின்தொடர்ந்து வீட்டைக் கண்டுபிடிப்பது நடக்கும் காரியமா என்றால், மும்பையில் அதைவிட உறுதியான வழி கிடையாது என்பேன். குறி போகும் இடத்தைப் போலவே புறப்பட்ட இடத்தையும் சுட்டுகிறது. டப்பா திரும்பும் நேரமும் பிற்பகல். பிள்ளைகள் பள்ளியிலிருந்து வரும் நேரமும் பிற்பகல். இலா மகளுக்காகக் காத்திருக்கும் அந்த நேரத்தில்தான் சாஜனும் வழியில் இருக்கிறார் என்று நான் எடுத்துக்கொள்கிறேன். மகள் வராமல் அவள் புறப்படமாட்டாள். இந்தக் கணக்கை வைத்துத்தான் அவர்கள் சந்தித்தார்கள் என்று நம்புகிறேன்.

செங்காந்தள் மீண்டும் எழுதியது:

கிங்ஸ் சர்க்கிள் ஐயாவின் விளக்கத்தைப் படித்து மகிழ்ந்தேன். இரண்டு காட்சிகளும் ஒரே பிற்பகலில் நடப்பவை என்று படம் உறுதியாகச் சொல்லவில்லை என்பதை மட்டும் நினைவூட்டுகிறேன். அடுத்தடுத்து வைக்கப்பட்டிருப்பதால் நாம் அப்படிச் சேர்த்துக்கொள்கிறோம்; சேர்த்துக்கொள்ளும்படித்தான் படத்தொகுப்பும் அமைந்திருக்கிறது. அதுவரை இருவரையும் ஒரே சட்டகத்தில் பேசவிடாமல் வைத்திருந்த இயக்குநர், கடைசியில் மட்டும் கதவைத் திறந்து அவரை உள்ளே அனுப்பியிருந்தால் அது வேறு ஏதோ படமாகியிருக்கும். ஆனாலும் என் மனக்குறை அப்படியே இருக்கிறது. அவர் வந்து நின்றாலும், ஏன் அன்று பேசவில்லை என்று இலா கேட்பாள், கேட்க வேண்டும். அதற்கு அவரிடம் என்ன பதில் இருக்கிறது?

பழுப்புக் காகிதம் மீண்டும் எழுதியது:

அந்தப் பதில் அஸ்லமின் கதையில் இருக்கிறது என்று எனக்குத் தோன்றுகிறது. இந்த இழையில் அவரைப் பற்றி யாரும் அதிகம் பேசவில்லை. நவாசுதீன் சித்திக்கிக்கு அந்த ஆண்டின் சிறந்த துணை நடிகருக்கான ஃபிலிம்ஃபேர் விருதைப் பெற்றுத்தந்த வேடம் அது. சவூதியில் வேலை பார்த்துவிட்டு வந்து, சாஜனின் இடத்துக்கு ஆளாகச் சேர்ந்து, மாலை ரயிலில் அலுவலகக் கோப்புகளின்மேல் காய்கறி நறுக்கிக்கொண்டு போகும் மனிதர் அஸ்லம். வாய்க்கு வாய் என் அம்மா சொல்வார் என்று மேற்கோள் காட்டுபவர், தாம் ஓர் அனாதை என்பதையும், அப்படிச் சொன்னால் பேச்சுக்கு ஒரு கனம் வருகிறது என்பதற்காகவே சொல்வதையும் பிறகு வெளிப்படுத்துகிறார். முதலில் அவரைக் கண்டாலே விலகிப்போன சாஜன், இலாவின் கடிதங்கள் வரத் தொடங்கிய பிறகு அவருடைய கணக்குப் பிழைகளைத் தம் பிழையாக மேலதிகாரியிடம் ஏற்றுக்கொள்கிறார். அவருடைய திருமணத்தில் மணமகன் வீட்டார் என்று நிற்க ஒரே ஆளாகப் போய் நிற்கிறார். தவறான ரயிலும் சில வேளை சரியான ஊருக்குக் கொண்டுசேர்க்கும் என்ற எண்ணம் அஸ்லம் வாயிலாகத்தான் கடிதங்களுக்குள் நுழைகிறது.

உணவகத்திலிருந்து பேசாமல் போனவர், மறுபடி புறப்படும்போது அதே ஆளாக இல்லை. நாசிக்குக்குக் கிளம்பியவர் மும்பைக்குத் திரும்பிவிடுகிறார். இலாவின் வீடு எங்கே என்று அவருக்குத் தெரியாது. தெரிந்துகொள்ள வேண்டுமானால் அவர் முன்பின் அறியாத டப்பாக்காரர்களிடம் போய், இத்தனை மாதங்களாக எனக்கு வந்துகொண்டிருந்தது இன்னொரு வீட்டின் சாப்பாடு, அதை அனுப்பிய பெண்ணின் வாசலுக்கு என்னை அழைத்துப்போங்கள் என்று வாய்விட்டுச் சொல்லியாக வேண்டும். அடுத்த மேசைக்காரரிடம்கூடப் பேசாமல் பல ஆண்டுகள் வேலை பார்த்த மனிதர், தம் தனிமையையும் ஆசையையும் ஒரு ரயில்பெட்டி நிறைய ஆட்கள் முன்னிலையில் ஒப்புக்கொண்டுதான் அங்கே உட்கார்ந்திருக்கிறார். உணவகத்தில் ஒருத்தியிடம் சொல்ல முடியாமல் போனதை அவர் அதற்குள் பலரிடம் சொல்லிவிட்டார். இலா கேட்டால் அவளிடமும் சொல்வார்.